காடு பேசும் படங்கள்

திரைப்படம் என்றதும் பாட்டும் நடிகர்களுமே நம் நினைவுக்கு வருகின்றன. உயிரினங்களின் வாழ்க்கையை உள்ளது உள்ளபடி காட்டும் அறிவியல் ஆவணப்படங்களும் உண்டு. அத்துறையில் பெயர் பெற்றவர் சென்னையைச் சேர்ந்த சேகர் தத்தாத்ரி.

பதின்மூன்றாம் வயதில், அதாவது நம் எட்டாம் வகுப்பு மாணவியரின் வயதில், அவர் சென்னைப் பாம்புப் பண்ணையில் தொண்டராகச் சேர்ந்தார். பின்னர், பாம்புக்கடி பற்றிப் படமெடுக்க வந்த அமெரிக்கத் தம்பதியருக்கு உதவியாளராக இருந்து தொழில் கற்றார். பாம்பைப் பிடித்து, நஞ்சை எடுத்தபின் மீண்டும் காட்டில் விட்டுவிடும் இருளர் கூட்டுறவுச் சங்கத்தைப் பற்றி அவர் எடுத்த படம் தேசிய விருது பெற்றது.

இப்பணிக்கு முதல் தேவை பொறுமை. நடிகரிடம், "இன்னொரு முறை நடியுங்கள்" எனலாம். நாகத்திடம் சொல்ல முடியுமா? அக்காலத்தில் 400 அடி கொண்ட 16 மி.மீ. பிலிம் சுருள் ஏறத்தாழ 11 நிமிடமே ஓடும். ஆகவே மறைவிடத்தில் நாள்கணக்கில் காத்திருந்தாலும், உரிய நொடியில்தான் காமிராவை இயக்க வேண்டும்.

வெளிநாட்டுத் தொலைக்காட்சிகளுக்கும் படமெடுத்த அவர், பின்னாளில் இயற்கைப் பாதுகாப்புக்கே தம் காமிராவைப் பயன்படுத்தினார். கர்நாடகத்தின் குதிரேமுக்கில் இரும்புத் தாது வெட்டியதால் மழைக்காலத்தில் பத்ரா ஆற்றில் மண் கலந்தது. 2001இல் அவர் எடுத்த சிறு படம் அதனைக் கண்முன் நிறுத்தி, சுரங்கத்தை எதிர்த்துப் போராடியவர்களுக்குத் துணையாயிற்று. 2002இல் உச்சநீதிமன்றம் சுரங்கத்தை மூட ஆணையிட்டது. 2005 இறுதியில் வேலை நின்றது. சுரங்கத்தை நம்பி வாழ்ந்த குடும்பங்களுக்கு இது துயரமே. ஆனால் ஆற்றை நம்பி வாழ்வோரோ அவர்களினும் பலர். 2004இல் சேகருக்கு ரோலெக்ஸ் விருது கிடைத்தது.

இச்செய்தி நமக்கும் உரியது. ஓசூர்த் தொழிற்சாலைகளில்தான் நம்மில் பலருடைய பெற்றோர் உழைக்கின்றனர். அருகிலேயே தளி, ஜவளகிரிக் காடுகள் உள்ளன. கேழ்வரகு முற்றும் பருவத்தில் பன்னர்கட்டாவிலிருந்து யானைகள் வருகின்றன. பயிரிழந்த உழவரின் கண்ணீரும் உண்மை. வழியிழந்த யானையின் தவிப்பும் உண்மை. தொழிலும் வேண்டும், காடும் வேண்டும். இரண்டையும் காக்கும் வழி காண, முதலில் நடப்பதை நடந்தபடி பார்க்கப் பழக வேண்டும். அப்படிப் பார்ப்பதற்குக் காமிராகூட வேண்டியதில்லை. கண்ணும் பொறுமையும் இருந்தால் போதும். தோழியரே, இன்றே பார்க்கத் தொடங்குவோமா?