18 வயது நிறைவும் குடும்ப வழக்குகளும்

மலேசியாவில் 1971ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி 18 வயது நிறைந்தவர் வயது வந்தவராவார். வழக்கு முடியுமுன்னரே பிள்ளை அவ்வயதை எட்டிவிட்டால் நேர்வது யாது என்பதை ஈண்டு நோக்குவோம். விபத்து இழப்பீடு போன்ற வழக்குகளில் சிக்கலில்லை. பிள்ளைக்காக வழக்காடியவர் விலக, பிள்ளையே தன் பெயரில் வழக்கைத் தொடரலாம். குடும்ப வழக்குகளின் நிலை வேறு.

1976ஆம் ஆண்டுத் திருமண, மணவிலக்குச் சட்டத்தின் 95ஆம் பிரிவின்படி, பிள்ளைக்கான ஜீவனாம்ச ஆணை 18 வயதுடன் முடிவுற்றது. உடல் அல்லது மனக் குறைபாடுடையோர்க்கு மட்டுமே விலக்கு இருந்தது. உயர்கல்வி பயில்வதால் பொருளீட்ட இயலாமையும் ஒரு குறைபாடே என்ற வாதத்தை மேல்முறையீட்டு நீதிமன்றம் ஒருமுறை ஏற்றிருந்தது. கூட்டரசு நீதிமன்றம் 2004இல் அதனை மறுத்தது. புகுமுக வகுப்பில் ஓராண்டு பயின்ற தமிழ்ப்பள்ளி மாணவர் எஸ்.பி.எம். தேர்வெழுதும் ஆண்டிலேயே 18ஐ எட்டுவர் என்பதை ஆசிரியர்கள் நன்கறிவர். உதவி மிகவும் தேவைப்படும் வேளையில் அது நின்றது. 2018 டிசம்பர் 15இல் நடைமுறைக்கு வந்த திருத்தம், மேற்கல்வியோ பயிற்சியோ முடியும்வரை ஆணையை நீட்டித்தது. திருத்தம் மிகத் தாமதமாகவே வந்தது என்பது நம் கருத்து.

பராமரிப்பு உரிமை வழக்குகளில் காலத்தின் கை இன்னும் வலிது. 2009இல் திருமதி இந்திரா காந்தியின் மூன்று பிள்ளைகளும் தாயின் இசைவின்றி மதமாற்றப்பட்டனர். பராமரிப்பு உரிமையை ஈப்போ உயர் நீதிமன்றம் தாய்க்கே வழங்கியது. அம்மதமாற்றம் செல்லாது எனக் கூட்டரசு நீதிமன்றம் 2018 ஜனவரி 29இல் தீர்ப்பளித்தபோது மூத்த இருவரும் 18ஐக் கடந்திருந்தனர். தந்தை கொண்டுசென்ற கடைசிக் குழந்தைக்கு 2009இல் வயது 11 மாதம். 18 நிறைவது 2026இல். தீர்ப்புக்குப் பின்னரும் ஆண்டுகள் பல கழிந்தன. குழந்தை தாயிடம் வந்து சேரவில்லை.

இங்கு இரண்டைப் பிரித்தறிய வேண்டும். பராமரிப்பு ஆணை சிறாரைப் பற்றியது. 18 நிறைந்தவரை ஒப்படைக்குமாறு அதனைக் காட்டிக் கோரவியலாது. மதமாற்றம் செல்லாது என்னும் தீர்ப்போ வயதால் காலாவதியாவதன்று. அரசமைப்பின் 12(4)ஆம் விதிப்படி 18 வயதுக்குட்பட்டோரின் சமயத்தைப் பெற்றோரோ பாதுகாவலரோ முடிவுசெய்வர்; அவ்விதி தாய் தந்தை இருவரையுமே குறிக்கும் என்பது அத்தீர்ப்பின் சாரம். 18க்குப் பின் அம்முடிவு பிள்ளைக்கே உரியது. தாயும் அவருக்காகப் பேசவியலாது.