முப்பது லட்சம் கடனுக்கு அறுபத்தைந்து லட்சம்: அடமானக் கடனின் முழுக் கணக்கு

துவரம் பருப்பு மூட்டைக்கு ஐம்பது ரூபாய் கூட்டிச் சொன்னால், நம் வணிகர்கள் நாலு மண்டியில் விசாரிக்காமல் கொள்முதல் செய்வதில்லை. அதே வணிகர், குடியிருக்கும் வீட்டையோ கடைக் கட்டிடத்தையோ ஈடு வைத்து இருபது வருடக் கடனுக்குக் கையெழுத்துப் போடும்போது, “மாதம் எவ்வளவு கட்ட வேண்டும்?” என்று கேட்டதோடு எழுந்து வந்து விடுகிறார். மாதத் தவணை தன் வருமானத்துக்குள் அடங்கினால் கடன் மலிவு என்று முடிவு கட்டி விடுகிறார். தவணை வேறு, கிரயம் வேறு. கடனுக்கும் ஒரு கொள்முதல் விலை உண்டு. அதைக் கையெழுத்துக்கு முன்னால் பார்த்துக்கொள்வதற்காகவே இந்தக் கட்டுரை.

ஒரு கணக்கை எடுத்துக்கொள்வோம். கடன் ரூ.30 லட்சம், வட்டி வருடத்துக்கு 9 சதவிகிதம், காலம் 20 வருடம். மாதத் தவணை ரூ.26,992 வரும். 240 மாதங்களில் கட்டி முடிக்கும் மொத்தத் தொகை ஏறத்தாழ ரூ.64,78,000. இதில் அசல் 30 லட்சம் போக, வட்டி மட்டும் ரூ.34,78,000. அசலை விட வட்டி பெரிது.

“ஒன்பது சதவிகிதம் என்றால் நம் பேச்சில் முக்கால் வட்டிதானே, கடைத்தெருவில் இரண்டு ரூபாய் வட்டிக்கு வாங்குகிறவர்கள் இருக்கிறார்களே?” என்று கேட்கலாம். உண்மைதான். நூற்றுக்கு மாதம் 75 பைசா என்பது அதிக வட்டியே அல்ல. ஆனால் இங்கே பாரமாவது வட்டி வீதம் அல்ல, காலம். கடைத்தெருவில் இரண்டு வட்டிக்கு வாங்கியவர் பொங்கல் விற்பனை முடிந்ததும் திருப்பி விடுவார். வங்கிக் கடனோ இருபது வருடம் கூடவே குடியிருக்கிறது.

தவணைக்குள் நடப்பதைப் பாருங்கள். முதல் மாதம் 30 லட்சத்துக்கு வட்டி ரூ.22,500. கட்டிய 26,992-ல் மீதி ரூ.4,492 மட்டுமே அசலில் கழிகிறது. அடுத்த மாதம் அசல் சற்றுக் குறைவதால் வட்டியும் சற்றுக் குறையும். இப்படியே போய், முதல் வருட முடிவில் கட்டிய ரூ.3,23,900-ல் அசலில் வரவானது சுமார் ரூ.56,000. ஐந்து வருடம் முடியும்போது பதினாறு லட்சத்துக்கு மேல் கட்டியிருப்போம், அசல் பாக்கி இன்னும் ரூ.26,61,000 நிற்கும். பத்து வருடம், அதாவது பாதிக் காலம் முடிந்த அன்றும் பாக்கி ரூ.21,30,000-க்கு மேல். அசலில் பாதி குறைந்து 15 லட்சமாவது பதினான்காம் வருட முடிவில்தான்.

இதில் வங்கி ஒளித்து வைத்தது எதுவும் இல்லை. நிற்கும் பாக்கிக்கு வட்டி என்ற நேர்மையான கணக்குதான். ஆனால் பத்து வருடம் ஒழுங்காகக் கட்டிய ஒருவர், பெண் கல்யாணத்துக்காக வீட்டை விற்றுக் கடனை அடைக்கப் போனால், “பாதி தீர்ந்திருக்கும்” என்று மனதில் வைத்திருந்த கணக்கு அங்கே உடைந்து விடும். தவணை அட்டவணையை ஆரம்பத்திலேயே கேட்டு வாங்கிப் பேரேட்டோடு வைத்துக்கொள்ள வேண்டும்.

காலத்தை நீட்டினால் தவணை குறையும் என்று ஆசை காட்டுவார்கள். அதே 30 லட்சத்தை, அதே 9 சதவிகிதத்தில், 30 வருடத்துக்கு எழுதினால் தவணை ரூ.24,139. இருபது வருடத் தவணையை விட மாதம் ரூ.2,853 குறைவு. மொத்தம் கட்டுவதோ சுமார் ரூ.86,90,000. மாதம் மூவாயிரம் ரூபாய்கூட இல்லாத சலுகைக்கு இருபத்திரண்டு லட்சம் விலை. எதிர்ப் பக்கமாகப் போய் 15 வருடமாகச் சுருக்கினால் தவணை ரூ.30,428, மொத்தம் ரூ.54,77,000. மாதம் ரூ.3,436 கூடுதலாகக் கட்டுகிறவருக்குப் பத்து லட்சம் மிச்சமாகிறது.

வட்டி ஏறும்போது

வீட்டுக் கடன்களில் பெரும்பாலானவை மாறும் வட்டிக் கடன்கள். 1.10.2019 முதல் வங்கிகள் புதிதாகத் தரும் மாறும் வட்டி வீட்டுக் கடன்களையும், குறு சிறு தொழில் கடன்களையும் ரெப்போ போன்ற வெளி அளவுகோல் ஒன்றோடு இணைக்க வேண்டும் என்பது ரிசர்வ் வங்கி உத்தரவு. ரெப்போ வட்டி 2020 மே மாதம் 4 சதவிகிதத்துக்கு இறங்கியது. 2022 மே முதல் ஏறத் தொடங்கி, 2023 பிப்ரவரியில் 6.50 ஆயிற்று. ஒன்பதே மாதங்களில் இரண்டரை சதவிகிதம். 2025-ல் மீண்டும் படிப்படியாக இறங்கியது.

ஏறிய காலத்தில் பலருக்குத் தவணை ஏறவில்லை. அதனால் ஒன்றும் ஆகவில்லை என்று நிம்மதியாக இருந்தார்கள். தவணைக்குப் பதில் காலம் நீண்டிருந்தது. 7 சதவிகிதத்தில் 30 லட்சம், 20 வருடம் என்றால் தவணை ரூ.23,259. இரண்டு வருடம் கட்டிய பிறகு பாக்கி ரூ.28,52,000. அன்று வட்டி 9 ஆகி, தவணை அதே 23,259-ஆக விடப்பட்டால், மீதி 18 வருடம் என்பது 28 வருடத்துக்கு மேல் ஆகிவிடும். ஐம்பது வயதில் கடன் வாங்கியவர் எண்பது வயதில் தவணை கட்டிக்கொண்டிருப்பார், அல்லது அவர் மகன் கட்டுவான்.

இதற்காகவே 18.8.2023-ல் ரிசர்வ் வங்கி ஒரு சுற்றறிக்கை விட்டது. அதன்படி வட்டி மாற்றியமைக்கப்படும்போது தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டும் கலந்தா என்று தேர்ந்தெடுக்கும் உரிமை கடன் வாங்கியவருக்கு உண்டு. வங்கி விரும்பினால், தன் விதிமுறைப்படி நிலையான வட்டிக்கு மாறிக்கொள்ளவும் வாய்ப்புத் தரலாம். கேட்காதவருக்குக் காலம்தான் நீளும். வருடா வருடம் ஏப்ரல் மாதம் கணக்கு முடிக்கும்போது, கடன் கணக்கின் மீதித் தவணை எத்தனை என்று ஒரு தடவை எழுதி வாங்கிப் பார்ப்பது அரை நாள் வேலை. வட்டி இறங்கிய காலத்திலும் இதே சோதனை வேண்டும். 2019-க்கு முந்தைய கடன்கள் சில இன்னும் பழைய அடிப்படை வட்டியிலேயே ஓடுகின்றன. வீட்டு வசதி நிதி நிறுவனங்கள் தங்கள் சொந்த அடிப்படை வட்டியை வைத்தே கணக்கிடுகின்றன. புதிய வாடிக்கையாளருக்கு என்ன வட்டி என்று விசாரித்து, அதே வட்டிக்கு மாற்றித் தரக் கேட்கலாம்.

இன்னொரு தந்திரம் ‘ஃபிளாட்’ வட்டி. தனியார் நிதி நிறுவனங்களில் இது அதிகம். 5 லட்சம் கடன், 5 வருடம், 9 சதவிகிதம் ஃபிளாட் என்றால், வருடம் 45,000 வீதம் வட்டி ரூ.2,25,000. அசலோடு சேர்த்து 60 தவணையாகப் பிரித்தால் மாதம் ரூ.12,083. அசல் குறைந்துகொண்டே வந்தாலும் கடைசி மாதம் வரை முழு ஐந்து லட்சத்துக்கும் வட்டி கட்டுகிறோம். குறையும் பாக்கி முறையில் கணக்கிட்டால் இது 16 சதவிகிதத்துக்குச் சற்றே குறைவான வட்டி. இரண்டு இடத்தில் ‘ஒன்பது’ என்று சொன்னாலும் சரக்கு வேறு வேறு.

வியாபாரத்துக்காக வீட்டை வைப்பது

வீடு வாங்க வீட்டை அடமானம் வைப்பதை நான் குறை சொல்ல மாட்டேன். வாடகை மிச்சமாகிறது, சொத்து நிற்கிறது. என் கவலை, சரக்கு வாங்குவதற்காக வீட்டுப் பத்திரத்தைக் கொடுப்பவர்களைப் பற்றியது. சொத்து அடமானக் கடன் என்ற பெயரில் பத்து, பதினைந்து வருடத்துக்கு இது தாராளமாகக் கிடைக்கிறது. வாங்கிய எண்ணெயும் பருப்பும் மூன்று மாதத்தில் விற்றுத் தீர்ந்து விடும். அதற்காக வாங்கிய கடனுக்கு மட்டும் பதினைந்தாம் வருடமும் வட்டி போகும். சரக்கின் ஆயுள் எவ்வளவோ அவ்வளவுதான் கடனின் ஆயுள் இருக்க வேண்டும். குடோன் கட்டுவதற்கும், கடைக் கட்டிடம் கிரயம் செய்வதற்கும் நீண்ட காலக் கடன் பொருந்தும். தீபாவளிக் கொள்முதலுக்குப் பொருந்தாது.

ஓவர் டிராஃப்ட் கணக்கு வேறு வகை. எடுத்த தொகைக்கு, எடுத்த நாளுக்கு மட்டும் வட்டி. வசூல் பணத்தை அன்றன்றே அதில் கட்டி, தேவைக்கு எடுத்துக்கொண்டு, புரட்டத் தெரிந்தவருக்கு இதைவிட நல்ல வசதி இல்லை. ஆனால் வரம்பின் உச்சியிலேயே கணக்கை நிறுத்தி வைத்து மாத வட்டியை மட்டும் கட்டி வருகிறவரின் அசல் ஒரு ரூபாய்கூடக் குறையாது. 20 லட்சத்துக்கு 10 சதவிகிதம் என்று வைத்தாலும், பத்து வருடத்தில் 20 லட்சம் வட்டியாகப் போயிருக்கும், கடன் அப்படியே 20 லட்சமாக நிற்கும்.

பெரும்பாலும் வீடு மனைவி பெயரில் இருக்கும். அவரும் வங்கிக்கு வந்து கையெழுத்துப் போடுவார், என்ன என்று கேட்காமல். 2002-ஆம் ஆண்டின் சர்ஃபேசி சட்டப்படி, தவணை 90 நாட்களுக்கு மேல் நிலுவையானால் கடன் வாராக் கடனாகிறது. பிறகு 60 நாள் நோட்டீஸ். அதற்கும் கட்டாவிட்டால், சிவில் நீதிமன்றத்தில் வழக்குப் போடாமலேயே ஈடு வைத்த சொத்தை வங்கி சுவாதீனம் எடுத்து ஏலம் விடலாம். நாம் போய் முறையிட வேண்டிய இடம் கடன் வசூல் தீர்ப்பாயம். விவசாய நிலத்துக்கு இச்சட்டம் பொருந்தாது, வீட்டுக்கும் கடைக்கும் பொருந்தும். எனவே வீட்டுக்காரம்மாளை உட்கார வைத்து இதைச் சொல்லிவிட்டுப் பிறகு கையெழுத்து வாங்குவதே முறை.

தினம் நூறு ரூபாய்

அந்த முப்பது லட்சம் கணக்குக்கே திரும்புவோம். தவணையோடு மாதம் ரூ.3,000 கூடுதலாக அசலில் கட்டி வந்தால் என்ன ஆகும்? 20 வருடக் கடன் சுமார் 15½ வருடத்தில் தீர்ந்து விடும். மிச்சம் ஏறக்குறைய ஒன்பது லட்சம். கல்லாவிலிருந்து தினம் நூறு ரூபாய் தனியே எடுத்து வைத்தால் இது நடக்கும். ஆரம்ப வருடங்களில் கட்டுகிற கூடுதல் தொகைக்குத்தான் பலன் அதிகம். கடைசி வருடங்களில் தவணையில் வட்டியே சொற்பம் என்பதால், அப்போது அவசரப்பட்டு அடைப்பதில் பெரிய லாபம் இல்லை. கூடுதல் தொகை கட்டும்போது, “அசலில் வரவு வைத்து, காலத்தைக் குறைக்கவும்” என்று எழுதிக் கொடுக்க வேண்டும். இல்லாவிட்டால் தவணையைக் குறைத்துவிட்டுக் காலத்தை அப்படியே விட்டு விடக்கூடும்.

முன்கூட்டிக் கட்டினால் அபராதம் உண்டா? தனிநபர் பெயரில் உள்ள மாறும் வட்டி வீட்டுக் கடனுக்கு இல்லை. வங்கிகளுக்கு 2012-லேயே இதை ரிசர்வ் வங்கி நிறுத்திவிட்டது. வியாபாரக் கடனுக்குத்தான் பல காலமாக இரண்டு சதவிகிதம், நான்கு சதவிகிதம் என்று வாங்கி வந்தார்கள். இதிலும் மாற்றம் வந்திருக்கிறது. 1.1.2026 முதல் வழங்கப்படும் அல்லது புதுப்பிக்கப்படும் மாறும் வட்டிக் கடன்களில், தனிநபருக்கும் குறு சிறு நிறுவனங்களுக்கும் வியாபாரத்துக்காகத் தரப்பட்டவற்றுக்கு வணிக வங்கிகள் முன்செலுத்தல் கட்டணம் வாங்கக் கூடாது. சிறு நிதி வங்கி, வட்டாரக் கிராம வங்கி போன்றவற்றில் இந்த விலக்கு 50 லட்சம் வரையிலான கடனுக்கு உண்டு. அதற்கு முந்தைய தேதியிட்ட கடனானால் பத்திரத்தில் என்ன எழுதியிருக்கிறது என்று பார்க்க வேண்டும்.

“என் பணம் சரக்கில் மாதம் ஒருமுறை புரள்கிறது, ஒரு புரளலுக்கு நூற்றுக்கு மூன்று ரூபாய் நின்றாலும் வருடத்துக்கு முப்பத்தாறு. முக்கால் வட்டிக் கடனை நான் ஏன் அடைக்க வேண்டும்?” என்று ஒரு நண்பர் என்னிடம் வாதாடினார். நல்ல கேள்வி. கூடுதல் பணம் உண்மையிலேயே சரக்காகி, விற்று, ரொக்கமாகத் திரும்பினால் அவர் சொல்வது சரி. ஆனால் கடை தாங்கும் சரக்குக்கு ஒரு அளவு உண்டு. அதற்கு மேல் போடும் பணம் குடோனில் தூங்கும், இல்லையேல் சில்லறைக் கடைகளின் பாக்கிச் சிட்டையில் தூங்கும். தூங்கும் பணத்துக்கு லாபம் இல்லை, கடனுக்கு மட்டும் வட்டி விழித்திருக்கும். வருமான வரிச் சலுகையைச் சொல்கிறவர்களும் உண்டு. குடியிருக்கும் வீட்டுக் கடன் வட்டிக்கு 2 லட்சம் வரையிலான கழிவு பழைய வரி முறையில்தான், புதிய முறையில் கிடையாது. கழிவு கிடைத்தாலும் நூறு ரூபாய் வட்டி கட்டி அதிகபட்சம் முப்பது ரூபாய் சொச்சம் வரி மிச்சப்படுத்துகிறோம்.

சில்லறைச் செலவுகள் தனி. நடைமுறைக் கட்டணம், வழக்கறிஞர் கருத்து, மதிப்பீட்டாளர் கட்டணம், பத்திர ஒப்படைப்பு ஆவணத்துக்கான முத்திரைத் தீர்வை, பதிவுக் கட்டணம் எல்லாம் நம் தலையில். காப்பீட்டுப் பிரீமியத்தையும் கடனோடு சேர்த்து விடுவார்கள். ஒரு லட்சம் பிரீமியத்தை 9 சதவிகிதத்தில் 20 வருடக் கடனாக்கினால், அதற்குக் கட்டுவது ரூ.2,15,900. காப்பீடு அவசியமே, கடன்காரர் இறந்தால் குடும்பத்துக்கு வீடு மிஞ்ச வேண்டும். ஆனால் அதைத் தனியாக, வருடப் பிரீமியத்தில் எடுத்துக்கொள்ளலாம்.

1.10.2024 முதல் சில்லறைக் கடன்களுக்கும் குறு, சிறு, நடுத்தர நிறுவனங்களின் தவணைக் கடன்களுக்கும் ‘முக்கிய விவர அறிக்கை’ என்ற ஒன்றைக் கையெழுத்துக்கு முன் தர வேண்டும். நமக்குப் புரியும் மொழியில் தர வேண்டும் என்பதும் விதி. தமிழில் கேளுங்கள். வட்டியோடு வங்கி வசூலிக்கும் கட்டணங்கள் எல்லாம் சேர்த்து வருடச் சதவிகிதம் எவ்வளவு என்று அதில் ஒரே எண்ணாக இருக்கும். இரண்டு வங்கிகளை ஒப்பிட அந்த எண்தான் சரியான தராசு.

கடன் தீர்ந்த பின்னும் வேலை இருக்கிறது. 1.12.2023 முதல், முழுப் பாக்கியும் கட்டிய 30 நாட்களுக்குள் அசல் பத்திரங்களைத் திருப்பித் தர வேண்டும். தங்கள் தவறால் தாமதமானால் நாளொன்றுக்கு ரூ.5,000 வீதம் நமக்கு இழப்பீடு தர வேண்டும். தாய்ப் பத்திரம் முதல் கடைசிப் பத்திரம் வரை, கடன் வாங்கிய அன்று வங்கி கொடுத்த பட்டியலோடு ஒப்பிட்டு எண்ணி வாங்குங்கள். பிறகு சார்பதிவாளர் அலுவலகத்தில் ரசீது ஆவணம் பதிவு செய்தால்தான் வில்லங்கச் சான்றில் அடமானம் தீர்ந்ததாகக் காட்டும். பதிவு முடிந்து ஒரு வாரம் கழித்துப் புதிய வில்லங்கச் சான்று எடுத்து, பத்திரத்தோடு சேர்த்துப் பெட்டியில் வையுங்கள்.