சூசையும் வளனும் ஒரே பெயர்தான்

புதுச்சேரியிலிருந்து மயிலம் போகும் சாலையில் இருக்கிறது சேதராப்பட்டு. ஷிப்ட் மாறும் நேரத்தில் அங்கே தொழிற்பேட்டைப் பக்கம் போய் ஒரு டீக்கடையில் நின்றுபாருங்கள். கழுத்தில் அடையாள அட்டை தொங்க ஆட்கள் வருவார்கள், போவார்கள். அட்டையில் ஜோசப் என்று அச்சடித்திருக்கும் ஒருவரை, ஊர்க்காரர் ஒருவர் “சூசைண்ணே, டீ சொல்லட்டா?” என்று கேட்பார். பக்கத்து பெஞ்சில் இருப்பவர் யூசுப்பாக இருக்கலாம். கேரளத்திலிருந்து வேலைக்கு வந்தவர் என்றால் ஔசேப்பு. டிப்ளமோ முடித்துப் புதிதாகச் சேர்ந்திருக்கும் பையனின் பெயர் வளனரசு. இந்த ஐந்தும் ஒரே பெயர் என்று சொன்னால், அந்தப் பெயர்க்காரர்களே பலர் நம்பமாட்டார்கள்.

எனக்கும் வெகு காலம் இது தெரியாது. என் பெரியப்பா பெயர் சூசை. அவரைப் பள்ளிக்கூடத்தில் சேர்த்த அன்று, பதிவேடு எழுதியவர் “சூசையெல்லாம் பட்டிக்காட்டுப் பெயர்” என்று சொல்லி, தானாகவே ‘ஜோசப்’ என்று எழுதிவிட்டார். எந்தப் பள்ளி, எழுதியவர் யார் என்பதெல்லாம் இப்போது வேண்டாம். ஆனால் பெரியப்பா கடைசிவரை கையெழுத்துக்கு ஒரு பெயர், கூப்பிட ஒரு பெயர் என்றுதான் வாழ்ந்தார். தன் பெயர் கொச்சையானது, ஜோசப்தான் சரியானது என்று அவரே நம்பிவிட்டார். அது தப்பு என்று இன்றைக்கு என்னால் சொல்ல முடியும். அவர் இருந்தபோது சொல்ல முடியவில்லையே என்ற வருத்தம் எனக்கு உண்டு.

பெயர் பிறந்த இடத்துக்குப் போவோம். விவிலியத்தின் முதல் நூலான தொடக்கநூலில், முப்பதாம் அதிகாரத்தில் இது வருகிறது. யாக்கோபுக்கு ராகேல் மேல் ஆசை. அவளுக்காக மாமன் வீட்டில் ஏழு வருடம் உழைத்தான். மாமன் ஏமாற்றி மூத்தவள் லேயாவைக் கட்டிவைத்தான். ராகேலுக்காக மேலும் ஏழு வருடம். லேயாவுக்குப் பிள்ளைகள் வரிசையாகப் பிறந்தார்கள். ராகேலுக்கு மட்டும் இல்லை. பிள்ளையில்லாத பெண்ணை ஊரும் உறவும் எப்படிப் பேசும் என்பது நமக்குத் தெரியாததா? அத்தனை வருடம் அதைக் கேட்டுக்கொண்டிருந்த பிறகு அவளுக்கு ஓர் ஆண்பிள்ளை பிறக்கிறது. அப்போது அவள் இரண்டு விஷயம் சொல்கிறாள். கடவுள் என் இழிவை அகற்றிவிட்டார் என்பது ஒன்று. இன்னொரு மகனையும் எனக்குக் கூட்டித் தரட்டும் என்பது மற்றது. ‘அகற்று’ என்பதற்கு எபிரேயத்தில் ‘ஆசாஃப்’. ‘கூட்டு, சேர்’ என்பதற்கு ‘யாசாஃப்’. காதுக்கு ஏறக்குறைய ஒன்றாக ஒலிக்கும் இந்த இரண்டு வினைகளையும் அடுத்தடுத்து நிறுத்தி, பிள்ளைக்கு ‘யோசேஃப்’ என்று பேர் வைக்கிறாள். ‘அவர் இன்னும் கூட்டித் தருவாராக’ என்று பொருள்.

நம் பக்கத்தில் பெண்பிள்ளைகளாகவே பிறந்தால் ‘போதும்பொண்ணு’ என்று பெயர் வைத்த கொடுமை உண்டு. இன்றும் அந்தப் பெயரில் பெண்கள் இருக்கிறார்கள். ராகேல் வைத்ததும் அதே போல ஒரு வேண்டுதல் பெயர்தான், ஆனால் திசை நேர்மாறு. போதும் என்று சொல்லாமல், இன்னும் வேண்டும் என்று கேட்ட பெயர். கேட்டதும் கிடைத்தது. அடுத்த மகன் பென்யமீன் பிறந்தான். அந்தப் பிரசவத்தில், எப்ராத்துக்குப் போகும் வழியில், ராகேல் இறந்துபோனாள்.

யோசேப்பின் கதை பலருக்கும் தெரிந்ததுதான். அண்ணன்மாரே இருபது வெள்ளிக்காசுக்கு விற்றார்கள். எகிப்தில் அடிமை, சிறை, பிறகு முப்பது வயதில் பார்வோனுக்கு அடுத்த அதிகாரம். இதில் பெயரோடு ஒட்டிய ஓர் இடம் எனக்குப் பிடிக்கும். ஏழு வருடச் செழிப்பில் விளைந்த தானியத்தை அவன் நகரம் நகரமாகக் களஞ்சியத்தில் சேர்த்து வைக்கிறான், அளக்க முடியாமல் அளப்பதையே நிறுத்திவிடும் அளவுக்கு. அடுத்த ஏழு வருடப் பஞ்சத்தில் அதுதான் சோறு போட்டது, விற்ற அண்ணன்மாருக்கும் சேர்த்து. ‘கூட்டித் தருவான்’ என்று தாய் வைத்த பெயர், தானியம் சேர்க்கும் கைக்குப் பொருந்திவிட்டது. திருக்குர்ஆனின் 12-ஆவது அத்தியாயம் முழுவதும் இந்த யூசுபின் கதைதான்.

புதிய ஏற்பாட்டின் யோசேப்பு இந்தப் பழைய யோசேப்பின் பெயரைத் தாங்கியவர். நாசரேத்துத் தச்சர், மரியாளின் கணவர். நான்கு நற்செய்திகளிலும் அவர் பேசியதாக ஒரு வார்த்தைகூட இல்லை. மத்தேயு தரும் தலைமுறைப் பட்டியலில் இவருடைய தகப்பன் பெயரும் யாக்கோபு. இதைச் சொல்ல ஒரு காரணம் உண்டு. யாக்கோபு, ஸ்பானியர் வாயில் ‘சாந்த்-இயாகோ’ ஆகி, நம் ஊருக்குச் ‘சந்தியாகு’வாக வந்து சேர்ந்தார். ‘சந்தியாகு மகன் சூசை’ என்று பத்திரத்திலும் ரேஷன் கார்டிலும் இருக்கிறதே, அது ‘யாக்கோபின் மகன் யோசேப்பு’ என்பதன் தமிழ்நாட்டு வடிவம். வைத்தவர்கள் இதை நினைத்து வைத்தார்களோ இல்லையோ, விவிலியத்து அப்பனும் மகனும் நம் ஊர்ப் பத்திரத்தில் அப்படியே நிற்கிறார்கள்.

சூசை எப்படி வந்தார்

பதினாறாம் நூற்றாண்டில் முத்துக்குளித்துறையில் போர்த்துக்கீசியப் பாதிரிமார் வந்து இறங்கினார்கள். அவர்கள் மொழியில் யோசேப்பின் பெயர் ஏறக்குறைய ‘ஜுஸே’ என்று ஒலிக்கும். சொல்லின் முதலில் ஜகரத்தைத் தமிழ் ஏற்காது, அது சகரமாகும். நடுவில் வரும் ஸகரமும் சகரமாகும். கடைசி ஏகாரம் ஐகாரமாக மாறினால், சூசை. போர்த்துக்கீசிய வார்த்தைகள் மேசையாகவும் சாவியாகவும் நம் வீட்டுக்குள் வந்த அதே வழி. அதோடு நாம் ஓர் ‘அப்பர்’ சேர்த்துக்கொண்டோம், சூசையப்பர் ஆனார். ஆக, சூசை என்பது ஜோசப் என்பதன் சிதைவு கிடையாது. இங்கிலீஷ்காரர் உச்சரிப்பு இந்த நாட்டில் ஊன்றுவதற்கு வெகு முன்பே, தமிழின் ஒலி இலக்கணத்துக்கு உட்பட்டு உருவான சொல் அது.

மலையாளத்து ஔசேப்பு வேறு பாதையில், சிரியாக் மொழி வழியாக வந்தவர். யூசுப் அரபு வழி. பிரெஞ்சுக்காரர் ‘ழோசேஃப்’ என்றார்கள். மூலத்தில் இருந்தது யகரம். லத்தீனில் ‘இ’ எழுத்தால் எழுதப்பட்டு, பிற்பாடு ஐரோப்பிய மொழிகளில் அது ஜகரமாகத் திரிந்தது. இந்தக் கணக்கில் பார்த்தால், தமிழ் விவிலியத்தில் இருக்கும் ‘யோசேப்பு’ இங்கிலீஷ் ஜோசப்பைவிட எபிரேயத்துக்கு நெருக்கமானது. இதை அந்தப் பள்ளிப் பதிவேட்டுக்காரரிடம் யாராவது சொல்லியிருக்க வேண்டும்.

இத்தனை மொழிகளிலும் பெயரின் சத்தம்தான் பயணப்பட்டது. பொருள் அங்கேயே தங்கிவிட்டது. பொருளையும் கூட்டிக்கொண்டு வந்தவர் ஒருவர். அவர் பெயரிலேயே யோசேப்பு இருந்தது.

இத்தாலியில் காஸ்திலியோனே என்ற ஊரில் 1680-இல் பிறந்த கொன்ஸ்தான்சோ ஜூசேப்பே பெஸ்கி, 1711-இல் மதுரை மிஷனுக்கு வந்து சேர்ந்தார். ஜூசேப்பே என்பது யோசேப்பின் இத்தாலிய வடிவம். கொன்ஸ்தான்சோ என்றால் உறுதி தளராதவன்; அதைத் தமிழாக்கித் தைரியநாதர் என்று வைத்துக்கொண்டார். பிறகு ஊர் அவரை வீரமாமுனிவர் என்றது. அவர் யோசேப்பைக் காப்பியத் தலைவராக்கிப் பாடியதுதான் தேம்பாவணி. மூன்று காண்டம், முப்பத்தாறு படலம், 3,615 பாடல்கள். 1726-இல் முடித்தார் என்பார்கள். பேசாத தச்சருக்கு இத்தனை பெரிய காப்பியம்! அதில் சூசை என்ற பெயரோடு, அவர் புதிதாக வைத்த பெயர்தான் வளன்.

இந்தச் சொல்லைக் கொஞ்சம் பக்கத்தில் வைத்துப் பார்க்க வேண்டும். தமிழில் அறம் என்பதை அறன் என்றும், நிலம் என்பதை நிலன் என்றும், நலம் என்பதை நலன் என்றும் எழுதலாம். பொருள் மாறாது. கடைப்போலி என்று இலக்கண ஆசிரியர்கள் சொல்வது இதைத்தான். அப்படி வளம் என்பதும் வளன் ஆகும். ஆற்று வளன், வயல் வளன் என்றால் நீரும் விளைச்சலும். அதே சமயம் ‘ன்’ என்பது ஆண்பால் விகுதி. முருகன், கண்ணன் மாதிரி வளன். எழுத்து ஒன்றுகூட மாறாமல் சொல் ஒரு மனிதன் பெயராகி நிற்கிறது. வளத்தையும் ஆளையும் ஒரே சொல்லில் அடக்கிவிட்டார் முனிவர்.

பொருளும் பொருந்துகிறது. ராகேல் கேட்டது கூட்டித் தருவதை. புனித எரோணிமுஸ் எபிரேயப் பெயர்களுக்குப் பொருள் எழுதியபோது யோசேப்புக்கு லத்தீனில் ‘பெருக்கம்’ என்று எழுதினார். சாகும் தறுவாயில் யாக்கோபு பிள்ளைகளை ஆசீர்வதிக்கும்போது, யோசேப்பை நீரூற்றின் ஓரம் வளர்ந்து மதில் தாண்டிக் கிளை விடும் கனிமரமாகச் சொல்கிறார். பெருக்கம், நீர், கனி என்ற மூன்றுக்கும் தமிழில் ஒரே சொல் கேட்டால் விவசாயி என்ன சொல்வார்? வளம் என்றுதான். ‘சேர்ப்பான்’ என்று நேருக்கு நேர் மொழிபெயர்த்திருந்தால் யாரும் பிள்ளைக்கு வைத்திருக்கமாட்டார்கள்.

பெயரின் பொருளைத் தமிழாக்குவது முனிவரோடு நின்ற வழக்கமும் இல்லை. பவுல் என்றால் லத்தீனில் சிறியவர். அவரைச் சின்னப்பர் என்றார்கள். யோவான் என்றால் ஆண்டவரின் அருள், அருளப்பர் ஆனார். தேம்பாவணியில் திருமுழுக்கு யோவானின் பெயர் கருணையன். இந்தப் பெயர்களை வைத்தவர்கள் எபிரேயமும் லத்தீனும் அறிந்திருந்தார்கள், தமிழையும் மதித்தார்கள்.

புதுச்சேரியின் பங்கு

நம் புதுச்சேரிக்கு இதில் தனியாக ஓர் இடம் உண்டு, ஊர்க்காரர்களே அதிகம் பேசாதது. சுவடியிலேயே இருந்த தேம்பாவணி முதன்முதலில் அச்சேறியது இந்த ஊர் மிஷன் அச்சகத்தில்தான், 1851 தொடங்கி 1853 வரை மூன்று பாகங்களாக. வளன் என்ற பெயர் ஏட்டிலிருந்து காகிதத்துக்கு வந்தது நம் ஊரில்.

இந்தப் பெயர் இங்கே ஆட்சியும் செய்திருக்கிறது. 1742 முதல் 1754 வரை ஆளுநராக இருந்த துய்ப்ளேக்சின் முழுப்பெயர் ஜோசப் பிரான்சுவா துய்ப்ளேக்ஸ். அவர் நடத்திய கர்நாடகப் போரில், எதிர்ப்பக்கம் இங்கிலீஷ்காரர் படையில் பேர் வாங்கிய சிப்பாய்த் தளபதி, 1764-இல் மதுரையில் தூக்கிலிடப்பட்ட மருதநாயகம் என்ற யூசுப் கான். திருச்சிராப்பள்ளிக்காக மோதிய இரண்டு பக்கமும் ராகேல் பிள்ளையின் பெயர்தான் இருந்தது. போர் ஓய்ந்து பல காலம் கழித்து, 1827-இல் குளூனி புனித சூசையப்பர் சபைக் கன்னியர் புதுச்சேரிக்கு வந்தார்கள். பெண்பிள்ளைகளுக்குப் படிப்பும் பூத்தையலும் சொல்லித்தந்தார்கள். இன்றும் ரொமேன் ரோலான் வீதியில் அந்தத் தையல் நடக்கிறது.

மதுரைப் பக்கத்தில் இந்தப் பெயர் ஒரு பூவாகவே மலர்ந்தது. செங்கன்னூரில் 1887-இல் பிறந்து மதுரையில் வக்கீலாக இருந்தவர் ஜார்ஜ் ஜோசப். கள்ளர் மக்களைக் குற்றப்பரம்பரைச் சட்டம் பிடித்து வாட்டியபோது அவர்களுக்காக நீதிமன்றத்தில் நின்றார், எழுதினார். அந்த மக்கள் அவரை ‘ரோசாப்பூ துரை’ என்று கூப்பிட்டார்கள். ஜோசப் என்பதுதான் வாயில் ரோசாப்பூ ஆனது என்பார்கள். சட்டையில் ரோஜா குத்தியிருப்பார், அதனால் என்றும் சொல்வார்கள். எது முதலில் வந்ததோ, அவர் மேல் இருந்த பிரியத்தில் அந்தக் குடும்பங்கள் தங்கள் பிள்ளைகளுக்கும் ரோசாப்பூ என்று பேர் வைத்தன. 1938-இல் அவர் போனபிறகும் அந்தப் பேர் நின்றது. பாதிரிமார் தந்த சூசை, புலவர் தந்த வளன், இரண்டுக்கும் ஈடாக மக்கள் தாமே செய்த தமிழ் வடிவம் என்று இதைத்தான் சொல்வேன்.

சேதராப்பட்டுக்குத் திரும்புகிறேன். கத்தோலிக்கர்களுக்குச் சூசையப்பர் திருநாள் மார்ச் 19. 1955-இல் பன்னிரண்டாம் பயஸ் பாப்பரசர், தொழிலாளர் தினமான மே 1-ஐயும் ‘தொழிலாளர் புனித யோசேப்பு’ நாளாக அறிவித்தார். இழைப்புளியும் உளியும் பிடித்த கைக்காரர் என்பதால். லேத்திலும் பேக்கிங்கிலும் நின்று வேலை செய்யும் சூசைகளுக்கும் வளன்களுக்கும் அந்த நாள் இரண்டு வகையில் சொந்தம்.

இப்போது சூசை என்று பிள்ளைக்கு யாரும் வைப்பதில்லை. தாத்தாக்களோடு அந்தப் பெயர் போய்க்கொண்டிருக்கிறது. வளன் மட்டும் திரும்பி வருகிறது, தனித்தமிழ்ப் பெயர் என்று தேடி வைக்கிறார்கள். சந்தோஷம்தான். ஆனால் அது வீட்டில் ஏற்கனவே இருந்த பெயர் என்பது பெற்றவர்களுக்குத் தெரிந்திருக்க வேண்டும். பேரன் என்ற சொல்லே பெயரன் என்பதிலிருந்து வந்தது. பாட்டன் பெயரைத் தாங்குகிறவன். உங்கள் வீட்டில் சூசை என்று ஒரு தாத்தா இருந்து, பிறந்த குழந்தைக்கு வளன் என்று பேர் வைத்திருந்தால், இன்றைக்கே அவர் பக்கத்தில் போய் உட்கார்ந்து சொல்லிவிடுங்கள்: “தாத்தா, உங்க பேரைத்தான் வெச்சிருக்கோம்.”