பெயருக்கு மேல் ஒரு வரி

“ஐயா, சந்தா எண் சொல்லுங்க.”

போன் ஸ்பீக்கரில் இருந்ததால் கடை முழுக்கக் கேட்டது. மறுமுனையில் சென்னையிலிருந்து ஒரு பெண் குரல். இந்தப் பக்கம், இலங்கையின் லக்கலயில், மளிகைச் சாமான்களுக்கு நடுவே என் மாமா. கையில் ஒரு பழைய மாத இதழ். முதல் பக்கத்தின் அடியில் பொடி எழுத்தில் இருந்த நீண்ட எண்ணை மூச்சுவிடாமல் வாசித்தார். அது இல்லையாம். பின்னட்டையில் கறுப்புக் கோடுகளுக்குக் கீழே இருந்த எண்ணை வாசித்தார். அதுவும் இல்லையாம். மாமா என்னைத் திரும்பிப் பார்த்தார். “பதினோரு வருசமா வாங்குறேன் மருமகனே. எம்பேரச் சொன்னா தெரியலங்குது இந்தப் புள்ள.”

இது நடந்தது 2018இல். லக்கலயே இடம் மாறியிருந்த ஆண்டு அது. மாத்தளையிலிருந்து ரத்தோட்டை, ரிவஸ்டன், இலுக்கும்புர என்று நக்கிள்ஸ் மலையைச் சுற்றி இறங்கினால் வருகிற பழைய லக்கல நகரம் களு கங்கை நீர்த்தேக்கத்துக்காகக் கைவிடப்பட்டது. கடைகள், கந்தோர்கள், பஸ் நிலையம் எல்லாம் மேட்டில் கட்டிய புதிய நகருக்கு வந்தன. மாமாவின் கடையும் வந்தது. மாமா வருடச் சந்தாவைக் கட்டி, புதிய விலாசத்தை ஒரு கடிதத்தில் எழுதி அனுப்பினார். அத்தோடு இதழ் நின்றுபோனது.

மாமா வாசித்த இரண்டும் அந்தப் பெண் கேட்ட சந்தா எண்ணுமாக மூன்று எண்களில் எது யாருடையது என்று தெரிந்துகொள்ள ஓர் எளிய வழி உண்டு. பக்கத்து வீட்டுக்காரரின் பிரதியை உறையோடு வாங்கி உங்களுடையதோடு ஒப்பிட்டுப் பாருங்கள். இரண்டிலும் ஒன்றாக இருப்பது இதழின் எண். வேறுபடுவதுதான் உங்களுடையது. மாமா முதலில் வாசித்தது, இந்தியாவில் ஒவ்வொரு பத்திரிகைக்கும் அரசின் பதிவாளர் கொடுக்கும் எண். அதில் பெரும்பாலும் மாநிலம், மொழி, ஆண்டு எல்லாம் இருக்கும். வாசகர் இருக்க மாட்டார். இரண்டாவதாக வாசித்தது பட்டைக்குறியீடு. அது 977 என்று தொடங்கியிருந்தால் பருவ இதழ் என்று பொருள். உலகத்தில் எந்த மூலையில் வெளிவரும் இதழுக்கும் அதே 977தான். புத்தகங்களுக்குப் பெரும்பாலும் 978. அதை அடுத்து வரும் ஏழு இலக்கங்கள், ஐஎஸ்எஸ்என் எனப்படும் எட்டு இலக்க இதழ் எண்ணின் முதல் ஏழு. ஒரு லட்சம் பிரதி அச்சிட்டால் ஒரு லட்சத்திலும் இவை ஒன்றுதான்.

உங்கள் எண் இதழுக்குள் இருக்காது. அச்சகத்துக்கு நீங்கள் யார் என்று தெரியாது. இதழ் அச்சாகி, மடித்து, உறையிட்ட பிறகு கடைசியாக ஒட்டப்படும் விலாசச் சீட்டில்தான் அது முதன்முதலாக வருகிறது. பெரும்பாலும் பெயருக்கு மேலே, தனி வரியில். நாம் பெயரைத்தான் பார்ப்போம். மேல் வரி கண்ணில் படாது. பட்டாலும், தபால்காரருக்கு ஏதோ குறிப்பு என்று விட்டுவிடுவோம். பிறகு உறையைக் கிழித்துக் குப்பையில் போடுகிறோம், எண்ணோடு சேர்த்து.

ஏன் அந்த இடத்தில்? இதற்குப் பழைய இயந்திரம் ஒன்றின் கதையைச் சொல்ல வேண்டும்.

அமெரிக்காவில் அயோவா மாநிலத்தின் சூ சிட்டியில் இருந்தவர் ஜோசப் ஸ்மித் டங்கன். ஒரே விலாசங்களைத் திரும்பத் திரும்பக் கையால் எழுதுவதற்கு மாற்றாக ஓர் இயந்திரம் செய்து 1896இல் காப்புரிமை பெற்றார். முதல் மாதிரி ஓர் அறுகோண மரக்கட்டை. அதில் ரப்பர் முத்திரைகளிலிருந்து பிய்த்தெடுத்த எழுத்துகளை ஒட்டியிருந்தார். பிற்பாடு ரப்பர் போய் உலோகம் வந்தது. அட்ரெஸோகிராஃப் என்ற பெயரில் அது உலகமெங்கும் அலுவலகங்களுக்குள் நுழைந்தது.

அதை இயக்குவதைக் கற்பனை செய்துகொள்ளுங்கள். ஒவ்வொரு சந்தாதாரருக்கும் உள்ளங்கைக்குள் அடங்கும் ஒரு மெல்லிய உலோகத் தகடு. கிராஃபோடைப் என்ற துணை இயந்திரம் ஒவ்வோர் எழுத்தாக அழுத்தி, பெயரையும் விலாசத்தையும் அதில் புடைக்கச் செய்யும். தகடுகள் இழுப்பறைகளில் வரிசையாக நிற்கும். ஒரு இழுப்பறைத் தகடுகளை இயந்திரத்தின் வாயில் கொட்டி நெம்புகோலை அழுத்தினால், அடியிலுள்ள தகடு நகர்ந்து மை நாடாவுக்குக் கீழே வரும். மேலே உறையை வைத்ததும் ஒரு ரப்பர் மெத்தை டப்பென்று அழுத்தும். விலாசம் பதிந்துவிடும். தகடு மறுபக்கத்து இழுப்பறையில் அதே வரிசையில் போய் விழும். அடுத்த தகடு. அடுத்த உறை. தகட்டின் விளிம்பில் சின்னச் சின்ன உலோகக் காதுகள் செருக இடம் உண்டு. இன்ன மாதத்தில் சந்தா முடிகிறது என்பதற்கு இன்ன இடத்தில் ஒரு காது. இயந்திரத்துக்குச் சொல்லிவைத்தால் அந்தக் காது உள்ள தகடுகளை மட்டும் அச்சடிக்கும், அல்லது அவற்றை மட்டும் தாண்டிப் போகும். மின்கணிப்பொறி வருமுன்னே ‘சந்தா முடிந்தவர்களுக்கு மட்டும் நினைவூட்டல் அனுப்பு’ என்பதை ஒரு தகரக் காது செய்துகாட்டியது. எனக்கு அந்த இயந்திரத்தில் ஆகப் பிடித்தது இதுதான்.

சிக்கல் தேடும்போது வந்தது. தபாலுக்கு வசதியாகத் தகடுகளை ஊர்வாரியாக அடுக்குவார்கள். ஒரு வாசகர் ‘வீடு மாறிவிட்டேன்’ என்று எழுதினால், பல்லாயிரம் தகடுகளில் அவருடையதைத் தேடி எடுத்து உருக்குலைத்து, புதிதாக அடித்து, வேறு ஊரின் இழுப்பறையில் செருக வேண்டும். தேடுபவருக்கு ஒரு துப்பு வேண்டும். அதனால் தகட்டின் மேல் வரியில் ஒரு குறி. உறையைப் பார்த்தாலே, இது எந்தத் தகட்டிலிருந்து வந்தது என்று திரும்பிப் போகலாம். தகடு போய்க் கணினி வந்த பிறகும் அந்த வரி அதே இடத்தில் நின்றுவிட்டது. அமெரிக்கப் பதிப்பாளர்கள் சிலர் வாசகரின் தபால் குறியீடு, பெயரின் சில எழுத்துகள், வீட்டு இலக்கம் இவற்றைக் கோத்தே எண் செய்தார்கள். வீடு மாறினால் எண்ணும் மாற வேண்டும் என்பதால் அது அத்தனை நல்ல யோசனை இல்லை என்பது என் அபிப்பிராயம். மனிதரைப் பற்றி எதையும் சொல்லாத வெறும் வரிசை எண்தான் நீடிக்கும்.

நம் சிற்றிதழ்களுக்கு இந்த இயந்திரம் எதுவும் தேவைப்படவில்லை. ஒரு நீளப் பேரேடு, பக்கத்துக்கு முப்பது பெயர், ஒவ்வொன்றுக்கும் ஒரு எண். ஆசிரியரோ அவர் மனைவியோ மாதக் கடைசியில் உட்கார்ந்து உறைகளில் எழுதுவார்கள். 1966இல் யாழ்ப்பாணத்தில் மல்லிகையைத் தொடங்கிய டொமினிக் ஜீவா இதழைக் கையில் எடுத்துக்கொண்டு தெருத்தெருவாகப் போய் வாசகரிடமே கொடுத்தவர். அவருடைய சந்தாப் பதிவேடு பாதி அவர் தலைக்குள் இருந்திருக்கும்.

ஆனால் கடல் தாண்டினால் முகம் உதவாது, பெயரும் உதவாது. தமிழ்ப் பெயரைப் போல் பதிவேட்டைக் குழப்புவது வேறில்லை. செல்வராஜா, செல்வராசா, செல்வராஜ் மூவரும் ஒருவராக இருக்கலாம். தலைப்பெழுத்து முன்னால் வரும், பின்னால் போகும், சிலசமயம் விரிந்து அப்பாவின் முழுப் பெயராகி முன்னே வந்து உட்காரும். ஊர்ப் பெயரோ அதற்கு மேல். சிங்களத்தில் எழுதுவதை ஆங்கிலத்தில் ‘ஜி’ இரண்டு போட்டு எழுதுகிறோம்; தமிழில் லக்கல. அதைப் பார்த்து ஆங்கிலத்தில் தட்டச்சுபவர் ‘கே’ இரண்டு போடுவார். கணினிக்கு இரண்டும் இரண்டு ஊர்.

மலையகத்தில் விலாசமே ஒரு பிரச்சினை. மாமா பிறந்தது ரத்தோட்டைப் பக்கத்துத் தோட்டமொன்றில், தொழிலாளர் குடியிருப்பான லயத்தில். லயத்துக் காம்பராவுக்கு இலக்கமும் இல்லை, தெருவும் இல்லை. கடிதம் தோட்ட ஆபீசுக்கு வரும். அங்கே கிடந்து, யாராவது கொண்டுவந்தால் கைக்கு வரும். தோட்டத்துக்குத் தன் ஆளைத் தெரிந்தது செக்ரோல் என்ற வருகைப் பதிவேட்டின் நம்பரில். அதற்கும் முன்னால், 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில், தமிழ்நாட்டிலிருந்து ஆள் கட்டிக் கொண்டுவந்தபோது ‘டின் டிக்கெட்’ என்றொரு முறையே இருந்தது. தோட்டத்தைக் குறிக்கும் எழுத்தும் எண்ணும் பொறித்த தகர வில்லை. அதைப் பார்த்துத்தான் ஆளை உரிய தோட்டத்துக்கு அனுப்பினார்கள். டங்கனின் தகடு உறையை அனுப்பிய அதே காலத்தில் இந்தத் தகரம் மனிதரை அனுப்பியது. மாமாவுக்கு எண்கள் மேல் இருக்கும் கோபம் இன்று நேற்று வந்ததல்ல.

எண்ணுக்கு ஒரு பலவீனம் உண்டு. பெயரில் ஓர் எழுத்துப் பிழை இருந்தால் பார்த்தவுடன் தெரியும். எண்ணில் ஓர் இலக்கம் பிசகினால் அது வேறொருவரின் எண்ணாகிவிடும், முகத்தில் எந்த மாற்றமும் தெரியாது. இதற்கு மருந்து கண்டவர்களில் ஒருவர் ஐபிஎம் நிறுவனத்தின் ஹான்ஸ் பீட்டர் லூன். 1954இல் விண்ணப்பித்து 1960இல் அவர் பெற்ற காப்புரிமை, கையில் பிடித்து இயக்கும் ஒரு சின்ன இயந்திரச் சாதனத்துக்கு. எண்ணின் கடைசியில் ஒரு காவல் இலக்கத்தைச் சேர்ப்பதுதான் உத்தி.

48213 என்ற எண்ணை எடுத்துக்கொள்வோம். வலப்பக்கத்திலிருந்து ஒன்றுவிட்டு ஒன்றை இரட்டியுங்கள். 3 ஆறாகும், 1 அப்படியே, 2 நான்காகும், 8 அப்படியே, 4 எட்டாகும். இரட்டித்தது ஒன்பதைத் தாண்டினால் அதன் இலக்கங்களைக் கூட்டிக்கொள்ள வேண்டும்; இங்கே தாண்டவில்லை. மொத்தம் 27. முப்பதாக இன்னும் 3 வேண்டும். அந்த 3தான் காவல் இலக்கம். ஆக முழு எண் 482133. இப்போது மாமா அவசரத்தில் 8ஐயும் 2ஐயும் இடம்மாற்றி 428133 என்று வாசிக்கிறார் என்று வையுங்கள். அதே கணக்கைப் போட்டால் 8 இரட்டித்து 16, அதன் இலக்கங்கள் சேர்ந்து 7, மொத்தம் 24, கடைசியில் 6 வந்திருக்க வேண்டும், 3 இருக்கிறது. கணினி உடனே ‘பிழை’ என்றுவிடும். வங்கி அட்டைகளில் இன்றும் இதே கணக்குத்தான். அடுத்தடுத்த இலக்கங்கள் இடம்மாறும் பிழைகளில், 09ஐ 90 என்றோ 90ஐ 09 என்றோ மாற்றினால் மட்டும் இது ஏமாந்துபோகும். ஐஎஸ்எஸ்என் பதினொன்றால் வகுக்கும் வேறு கணக்கைப் பயன்படுத்துகிறது. அதில் காவல் இலக்கம் சிலசமயம் பத்து என்று வரும். ஒரே இடத்தில் பத்தை எழுத முடியாதல்லவா, ரோமானிய முறையில் எக்ஸ் போடுகிறார்கள். இதழ் எண் சில எக்ஸில் முடிவதன் ரகசியம் அதுதான்.

எல்லா இதழும் சந்தா எண்ணுக்குக் காவல் போடுவதில்லை. போடாவிட்டால் நாம்தான் காவல்: ஓர் இலக்கமாக வாசித்து, மறுமுனையில் திருப்பி வாசிக்கச் சொல்ல வேண்டும்.

உறை போய்விட்டது என்றால் எண் எங்கே அகப்படும்? சந்தா கட்டியதற்கு வந்த பற்றுச்சீட்டில் பார்க்கலாம். இணையத்தில் கட்டியிருந்தால் உறுதிப்படுத்தி வந்த மின்னஞ்சலில் அல்லது குறுஞ்செய்தியில் இருக்கும். புதுப்பிக்கச் சொல்லி வரும் நினைவூட்டல் கடிதத்தில் அநேகமாக இருக்கும். எதுவும் இல்லையென்றால் பணம் அனுப்பிய திகதியும் தொகையும் சொல்லுங்கள். அலுவலகத்தில் பெயரைவிட அதை வைத்துத் தேடுவது சுலபம்.

மாமாவிடம் இவை எதுவும் இல்லை. ஆனால் கடைக்காரர் காகிதத்தை வீசமாட்டார் என்று எனக்குத் தெரியும். உள்ளே பேத்தியின் கணக்குக் கொப்பிக்கு மண்ணிற உறை போட்டிருந்தது. பிரித்துப் பார்த்தோம். உட்பக்கமாக மடித்த இடத்தில் வெள்ளைச் சீட்டு, ஒரு மூலை கிழிந்து. மேல் வரியில் வெளிநாட்டுக்கான ஓர் எழுத்து, ஆறு இலக்கம், சாய்கோடு, 03-18. கடைசியில் இருந்தது சந்தா முடியும் மாதம். கீழே மாமாவின் பெயர், ஓர் எழுத்து குறைந்து.

எண்ணைச் சொன்னதும் அந்தப் பெண் பத்து வினாடியில் எல்லாவற்றையும் சொல்லிவிட்டாள். பழைய சந்தா மார்ச்சில் முடிந்து கிடந்தது. மாமாவின் கடிதத்தில் எண் இல்லாததால் யாரோ அதைப் புதிய சந்தா என்று பதிந்திருக்கிறார்கள். புதுப் பெயரெழுத்து, இரண்டு ‘கே’ போட்ட லக்கல. மாவட்டம் மாத்தளை இல்லை, மாத்தறை. தமிழில் ஒரே எழுத்துதான் வித்தியாசம். தபால் குறியீட்டிலும் அப்படியே: மாத்தளைக்கு 21000, மாத்தறைக்கு 81000. பணம் கட்டிய இதழ் மாதந்தோறும் ஒழுங்காகத் தெற்குக் கரைக்குப் போய்க்கொண்டிருந்தது.

இரண்டு பதிவையும் ஒன்றாக்கிப் பழைய எண்ணையே வைத்துக்கொண்டார்கள். அடுத்த இதழ் புதிய நகரத்துக்கு வந்தது. பெயரில் அந்த ஓர் எழுத்து இன்னும் குறைவுதான். மாமா மின்சாரக் கணக்கு இலக்கம் எழுதியிருந்த சுவரில், அதற்குக் கீழே, கார்பன் பென்சிலால் ஆறு இலக்கத்தையும் எழுதி வைத்தார். மாத்தறைக்குப் போன பிரதிகள் திரும்பி வரவேயில்லை. கடற்கரை ஊரில் எந்தத் தபால்காரர் லக்கலயைத் தேடி சைக்கிள் மிதித்தாரோ என்று மாமா இன்னும் கேட்டுக்கொண்டிருக்கிறார்.