தேசிங்கு வேடம் பூண்டவர்

செஞ்சிக்கோட்டை என்றவுடன், 1714-இல் ஆர்க்காட்டு நவாபின் பெருஞ்சேனையைச் சிறுபடையொடு எதிர்த்து மாண்ட தேசிங்கே நம் நினைவுக்கு வருவான். கதைப்பாட்டாய் வழங்கிய அவன் வரலாறு 1960-இல் 'ராஜா தேசிங்கு' என்னும் படமாயிற்று. தேசிங்காய்த் தோன்றியவர் எம். ஜி. இராமச்சந்திரன். அவ்வரசனது துணிவை அவர் ஈராண்டு முன்னரே காட்டினாரென்போம்.

இளமையில் நாடகக் கம்பெனியிற் பயின்ற அவர், 1936-இல் 'சதி லீலாவதி'யிற் பெற்றது சிறு வேடமே. கதாநாயகராதற்கு 1947-இல் 'ராஜகுமாரி' வரை காத்திருந்தார். 1958-இல் 'நாடோடி மன்ன'னிலோ நடிப்பு, டைரக்ஷன், தயாரிப்பு மூன்றையும் தாமே ஏற்றார். நடிப்பும் இரட்டை வேடம்! ஈட்டிய பொருளனைத்தும் அதிற் சென்றது, கடனும் சேர்ந்தது. படம் தோற்றிருப்பின் அவர் கதி யாதாகியிருக்கும்? நல்லவேளை, பெருவெற்றி பெற்றது. ஆயினும் மீண்டும் டைரக்டராகப் பதினைந்தாண்டு சென்றது. அப்படம் 1973-இல் வெளிவந்த 'உலகம் சுற்றும் வாலிபன்'.