வீழ்ந்தவன் பெயர் என்ன?

கிருஷ்ணன்கோவில் நிறுத்தத்திலே திருவில்லிபுத்தூர் பேருந்துக்காகக் காத்திருந்தோம். எதிர்ச்சுவரிலே ஒரு திரைப்படச் சுவரொட்டி. கதாநாயகன் பெயர் கொட்டை எழுத்தில்! அவனிடம் அடிபட்டு வீழ்கிறானே, அவன் பெயர்? தேடினோம், இல்லை.

'கீசக வதம்' நினைவுக்கு வந்தது. முதல் உலகப் போர்க் காலத்தில், சென்னைக் கீழ்ப்பாக்கத்தில், 35,000 ரூபாய்ச் செலவில் ஆர்.நடராஜ முதலியார் எடுத்த மௌனப் படம். தென்னகத்தின் முதல் கதைப்படம். திரௌபதியாக ஜீவரத்தினம், வதைபடும் கீசகனாக ராஜு முதலியார். வசனமில்லை, பாட்டில்லை, விழியும் புருவமும் தோளுமே அவர்தம் மொழி. ஏட்டிலே பெயர் நிற்கிறது. நடிப்பு? அதைக் காட்ட ஓரடிப் படச்சுருளும் நம்மிடம் இல்லை!

நாகர்கோவில் சுந்தர்ராஜ் தயாரித்து 1933-இல் வந்த 'மார்த்தாண்ட வர்மா' தப்பிப் பிழைத்தது. எப்படி? கதையுரிமை வழக்கிலே சிக்கி, புத்தகக் கடையிலே முடங்கிக் கிடந்ததால்! 1974-இல் புனே திரைப்பட ஆவணக் காப்பகம் அதைப் பெற்றது. கலைப்பற்று காக்காததை வழக்கு காத்தது. வெட்கமல்லவா நமக்கு?

நாயகனை நாடு சுமக்கும். அவனை உயர்த்தத் தான் வீழ்ந்தவனை யார் சுமப்பது? பெயரைப் பொறிப்போம், படச்சுருளைப் பாதுகாப்போம்!