"பெண்ணைக் கொண்டுவந்து நிறுத்து!"

மக்களின் நலனுக்காக அம்மனே 28 நாள் பச்சைப் பட்டினி இருக்கும் ஊர், சமயபுரம். அங்கே ஒரு வீட்டில் வயது வந்த மகளைக் காணோம் என்று வைத்துக்கொள்வோம். "என் மகளை ஒருவன் அடைத்து வைத்திருக்கிறான்" என்று தகப்பனார் பதறுகிறார். அடுத்த தெருவில் கதை தலைகீழ். "என் மனைவியை அவள் வீட்டார் பூட்டி வைத்திருக்கிறார்கள்" என்கிறான் ஒரு வாலிபன்.

இருவரும் தட்டக்கூடிய கதவு ஒன்றுதான். அதன் பெயர் ஆட்கொணர்வு மனு. வக்கீல்கள் "ஹேபியஸ் கார்ப்பஸ்" என்பார்கள். ஆளைக் கோர்ட்டுக்குக் கொண்டுவா என்பது அதன் கருத்து. இங்கிலாந்தில் 1679-லேயே இதற்குச் சட்டம் வந்துவிட்டது.

திருச்சி ஜில்லாக்காரர்கள் முன்பு இதற்காகச் சென்னைக்குப் போகவேண்டும். 2004 ஜூலையில் ஐகோர்ட்டின் மதுரைக் கிளை திறந்தது முதல் மதுரைக்குப் போனால் போதும்.

நீதிபதி என்ன கேட்பார்?

போலீசார் பெண்ணைத் தேடிக் கொண்டுவந்து நிறுத்துவார்கள். பெற்றோர் ஒரு பக்கம் அழுவார்கள். காதலன் ஒரு பக்கம் நிற்பான். நீதிபதிக்கு வேண்டியது ஒரே பதில்: அவள் தன் விருப்பப்படி இருக்கிறாளா? 18 வயது நிரம்பியவள் என்றால் அவள் சொல்தான் முடிவு. நிரம்பாதவள் என்றால் அவளுடைய நலனைக் கோர்ட்டு பார்க்கும்.

ஆனால் கோர்ட்டும் தடுமாறியதுண்டு. சேலத்தில் ஓமியோபதி வைத்தியம் படித்த கேரள மாணவி ஹாதியா, மதம் மாறி 2016 டிசம்பரில் மணம் செய்துகொண்டார். தகப்பனார் மனுப் போட்டார். 2017 மே 24-ல் கேரள ஐகோர்ட்டு, கல்யாணம் செல்லாது என்று சொல்லி அவரைப் பெற்றோருடன் அனுப்பிவிட்டது. அப்போது ஹாதியா பச்சைக் குழந்தையல்ல. இருபது வயதைத் தாண்டியவர்! மாதக்கணக்கில் போலீஸ் காவலுடன் வீட்டிலேயே இருந்தார். நவம்பர் 27-ல் சுப்ரீம் கோர்ட்டில் நேரில் நின்று, தனக்குச் சுதந்திரம் வேண்டும் என்றார். படிப்பை முடிக்கச் சேலத்துக்கு அனுப்பினார்கள். 2018 மார்ச் 8-ல், கல்யாணம் செல்லும் என்று தீர்ப்பாயிற்று.

மகளை விடுவிக்கக் கேட்ட மனுவே மகளைக் காவலில் வைத்துவிட்டது. விசித்திரம்தான்.

தனியாகப் பேசவேண்டும்

பயந்த பெண், பெற்றவர்களின் முகத்தைப் பார்த்துக்கொண்டு உண்மை பேசுவாளா? 2024 மார்ச் 11-ல் சுப்ரீம் கோர்ட்டு இதற்கு வழிமுறைகள் வகுத்தது. இத்தகைய மனுக்களை முந்தி விசாரிக்க வேண்டும். நீதிபதி பெண்ணிடம் தனியறையில் பேச வேண்டும். பெற்றோரோ மற்றவரோ அருகில் இருக்கக்கூடாது. மனுச் செய்தவருக்கும் அவளுக்கும் உள்ள உறவு எத்தகையது என்று துருவக்கூடாது. புத்திமதி சொல்லி மனதை மாற்றவும் முயலக்கூடாது.

அந்த வழக்கும் கேரளாவிலிருந்து வந்ததே. தோழியைப் பெற்றோர் அடைத்து வைத்திருக்கிறார்கள் என்று ஒரு பெண் மனுச் செய்திருந்தார். பெண் நீதிபதி ஒருவர் அந்தத் தோழியிடம் தனியே பேசினார். பெற்றோருடன் இருப்பது என் சொந்த விருப்பம் என்றார் அவர். அவர் சொன்னபடியே விட்டுவிட்டார்கள்.

வக்கீல் வைக்கப் பணம் இல்லாத பெண்கள் தயங்க வேண்டாம். 1987-ம் ஆண்டுச் சட்டப்படி, பெண்களுக்கு வருமானம் பாராமலே இலவச சட்ட உதவி உண்டு.